வாடகையா, ஒத்தியா, புறநகரா, சொந்த மனையா? மதுரையில் வீடு தேடுவோருக்கு ஒரு கணக்கு

மதுரையில் நடுத்தர வருமானமுள்ள ஒரு குடும்பம் வீடு தேடத் தொடங்கினால், ஆளுக்கொரு வழி சொல்வார்கள். ஊருக்குள்ளேயே வாடகைக்குப் பார்க்கச் சொல்பவர் ஒருவர். வாடகை என்பது வீண் பணம், ஒத்திக்குப் போங்கள் என்பவர் இன்னொருவர். (ஒரு மொத்தத் தொகையைக் கொடுத்துவிட்டு வாடகையில்லாமல் குடியிருந்து, காலி செய்யும்போது அதைத் திரும்பப் பெறுவதே ஒத்தி.) ஒத்தக்கடைப் பக்கமோ நாகமலைப் பக்கமோ போனால் பாதி வாடகைதான் என்று அலுவலகத்தில் சொல்வார்கள். ஒத்திக்குக் கொடுக்கும் பணத்தில் மூன்று செண்ட் வாங்கிப் போடலாமே என்று மாமனார் சொல்வார். நால்வர் சொல்வதும் அவரவர் நிலைமையில் சரிதான். ஆனால் நால்வரும் ஒரே கணக்கைப் போட்டுப் பார்த்துப் பேசுவதில்லை. வாடகை பேசுபவர் மாதத் தொகையையும், ஒத்தி பேசுபவர் மிச்சத்தையும், மனை பேசுபவர் பத்து ஆண்டுக்குப் பிந்தைய விலையையும் பார்க்கிறார்கள். முடிவெடுக்க முடியாமல் திணறுவோர் இந்த நான்கையும் ஒரே அளவுகோலில் நிறுத்திப் பார்க்க உதவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

கணக்குக்காக ஒரு குடும்பத்தை வைத்துக்கொள்வோம். கணவர் கீழமாசி வீதியில் மளிகை மொத்தக் கடை ஒன்றில் கணக்கு எழுதுகிறார். மனைவி சிம்மக்கல் அருகே துணிக்கடையில் வேலை செய்கிறார். ஆறாம் வகுப்புப் படிக்கும் மகன் இருக்கிறான். இருவர் சம்பளமும் சேர்ந்து மாதம் 28,000 ரூபாய். வங்கியில் 2 லட்சம் ரூபாய் சேமிப்பும், வீட்டில் கொஞ்சம் நகையும் உண்டு. கீழே வரும் வாடகை, ஒத்தித் தொகைகள் எல்லாம் எடுத்துக்காட்டுக்காக வைத்துக்கொண்டவை. தெருவுக்குத் தெரு விலை மாறும் ஊரில் ஒரே எண்ணை எல்லோருக்கும் சொல்ல முடியாது. வாசகர்கள் தங்கள் எண்களைப் போட்டுப் பார்க்க வேண்டும். கணக்குப் போடும் முறைதான் முக்கியம்.

## எதைக்கொண்டு அளப்பது

முதலாவது, மாதச் செலவின் முழுத்தொகை. வாடகையோடு மின்சாரம், தண்ணீர், போக்குவரத்து ஆகியவற்றையும், முன்பணமாகவோ ஒத்தியாகவோ முடங்கிக் கிடக்கும் பணம் வங்கியில் இருந்திருந்தால் தந்திருக்கக்கூடிய வட்டியையும் சேர்த்தால்தான் அது முழுத்தொகை. இந்தக் கடைசி வட்டியைப் பெரும்பாலானோர் எண்ணுவதேயில்லை.

இரண்டாவது, மொத்தமாகக் கைவிட்டுப் போகும் பணத்தின் பாதுகாப்பு. 60,000 ரூபாய் அட்வான்ஸ் திரும்பி வராவிட்டால் வருத்தம். 5 லட்சம் திரும்பி வராவிட்டால் குடும்பமே நிலைகுலையும். இரண்டையும் ஒரே மாதிரி எண்ணக் கூடாது.

மூன்றாவது, எத்தனை காலம் நிம்மதியாகக் குடியிருக்கலாம் என்பது. பிள்ளையின் பள்ளி இடையில் மாறுமா என்பதும் இதில்தான் அடங்கும்.

நான்காவது, தூரம். மதுரையில் தூரத்தைக் கிலோமீட்டரில் அளந்தால் ஏமாந்துபோவோம். வைகையைக் கடக்க வேண்டுமா என்று கேட்பதே சரியான கேள்வி. வேலை தென்கரையில் இருக்க, வீடு கே. புதூர், ஐயர் பங்களா, ஊமச்சிகுளம் என்று வடக்கே இருந்தால், காலையும் மாலையும் கோரிப்பாளையத்தையும் 1889-இல் திறக்கப்பட்ட ஏ.வி. பாலத்தையும், இல்லையென்றால் குருவிக்காரன் சாலைப் பாலம் போன்ற வேறொன்றையும் நம்பித்தான் வாழ வேண்டும். சித்திரைத் திருவிழா நாட்களில் அந்த வழியும் அடைபடும். அதே தூரத்தில் விரகனூரிலோ சிலைமானிலோ வீடு பார்த்தால், கீழவாசல் வேலைக்கு ஆற்றைக் கடக்காமல் வந்துவிடலாம்.

ஐந்தாவது தண்ணீரும் சாக்கடையும். இதை வீடு பார்க்கப் போகும்போதே குழாயைத் திறந்து பார்த்துவிடலாம் என்பதால் இங்கே விரிக்கவில்லை. அந்தந்தப் பகுதியில் வரும்.

மேலே சொன்ன குடும்பத்துக்கு இந்த நான்கு வழிகளும், ஒத்தியையும் வாடகையையும் கலந்த ஐந்தாவது வழியும் எவ்வளவு ஆகும் என்பதை முதலில் பார்த்துவிடுவோம்.

| வழி | முதலில் தேவைப்படும் பணம் | மாதச் செலவின் முழுத்தொகை (ஏறக்குறைய) | பெரிய ஆபத்து |
|---|---|---|---|
| ஊருக்குள் வாடகை (8,000) | 60,000 அட்வான்ஸ், தரகு | 9,250 | ஆண்டுதோறும் ஏற்றம், திடீரெனக் காலி செய்யச் சொல்வது |
| புறநகர் வாடகை (5,500) | 40,000 அட்வான்ஸ், தரகு | 7,550 | இரவுப் பேருந்து, கோடைத் தண்ணீர் |
| முழு ஒத்தி (5 லட்சம், அதில் 3 லட்சம் நகைக்கடன்) | 5 லட்சம், பதிவுச் செலவு | 5,100 | முதல் திரும்பாமை |
| பாதி ஒத்தி, பாதி வாடகை (2 லட்சம் + 4,500) | 2 லட்சம், பதிவுச் செலவு | 6,550 | அதே ஆபத்து, சிறிய அளவில் |
| மனை வாங்கி வீடு (12 லட்சம் கடன்) | மனை விலை, பதிவுச் செலவு, வங்கி தராத பங்கு | 10,800 தவணை. கட்டும் காலத்தில் வாடகையும் சேர்ந்து | அங்கீகாரமில்லாத மனை, தவணை தவறுதல் |

அட்டவணையை மட்டும் பார்த்தால் ஒத்திதான் வெல்கிறது. அந்த 5,100-க்குள் எதெல்லாம் மறைந்து கிடக்கிறது என்பதற்குத்தான் இக்கட்டுரையில் அதிக இடம் தேவைப்படுகிறது.

## ஊருக்குள் வாடகை

மாசி வீதிகளுக்கும் வெளி வீதிகளுக்கும் இடைப்பட்ட பகுதியிலும், முனிச்சாலை, காமராசர் சாலை, சிம்மக்கல், ஆரப்பாளையம் போன்ற இடங்களிலும் இந்த வருமானத்துக்குக் கிடைப்பவை பெரும்பாலும் வளவு வீடுகளோ (ஒரே வாசலுக்குள் பல குடும்பங்கள் குடியிருப்பவை) மாடிப் போர்ஷன்களோதான். ஒரு கூடம், ஒரு படுக்கையறை, ஒடுங்கிய சமையலறை. சில இடங்களில் கழிப்பறை இரண்டு குடும்பங்களுக்குப் பொது. வண்டியைத் தெருவில்தான் நிறுத்த வேண்டும். ஆனால் வேலைக்கு நடந்தே போகலாம், பள்ளி பக்கத்தில், பெரிய ஆஸ்பத்திரி பக்கத்தில், இரவு பதினொரு மணிக்கும் இட்லி கிடைக்கும். இவற்றுக்கெல்லாம் ஒரு விலை உண்டு, அது வாடகைக்குள்ளேயே அடங்கிவிடுகிறது.

மறைந்திருக்கும் செலவுகளில் முதன்மையானது மின்சாரம். தமிழ்நாட்டில் வீட்டு இணைப்புக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் என்பது எல்லோருக்கும் தெரியும். ஒரே மீட்டரில் மூன்று போர்ஷன்களை இணைத்து, ஒவ்வொன்றுக்கும் சப் மீட்டர் வைத்து, யூனிட்டுக்கு ஒன்பது ரூபாய் என்று வீட்டுக்காரர் வசூலிக்கும்போது அந்த இலவசம் குடியிருப்பவருக்கு வந்து சேர்வதில்லை. இரண்டு மாதத்தில் 200 யூனிட் ஓடினால் 1,800 ரூபாய்; தனி இணைப்பாக இருந்தால் அதில் ஒரு சிறு பகுதிதான் வரும். அட்டவணையில் மாதம் 900 ரூபாய் மின்சாரத்துக்கு என்று வைத்திருப்பது இதனால்தான். “கரண்ட் தனியா, சேத்தா?” என்று தொலைபேசியிலேயே கேட்டுவிடுவது நல்லது.

அடுத்தது அட்வான்ஸ். 2017-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில உரிமையாளர்கள், குடியிருப்போர் உரிமைகள் பொறுப்புகள் ஒழுங்குமுறைச் சட்டம் 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. முன்பணம் மூன்று மாத வாடகையைத் தாண்டக் கூடாது என்பது அதன் பொது விதி. வேறுவிதமாக ஒப்பந்தம் இருந்தாலொழிய என்ற விலக்கும் அதிலேயே இருப்பதால், எட்டு மாதம், பத்து மாதம் என்று கேட்பது நிற்கவில்லை. காலி செய்யும்போது வெள்ளையடிக்க என்று ஒரு மாத வாடகையைப் பிடித்துக்கொள்ளும் வழக்கத்தையும் முன்கூட்டியே பேசிக்கொள்ள வேண்டும். தரகருக்கு ஒரு மாத வாடகை. பதினொரு மாத ஒப்பந்தம் முடிந்ததும் வாடகை ஏறும். எவ்வளவு ஏறும் என்பதை ஒப்பந்தத்திலேயே எழுதச் செய்தால் ஆண்டுதோறும் வாக்குவாதம் இராது. வாடகைத் தகராறில் குடிநீரையோ மின்சாரத்தையோ நிறுத்துவது அச்சட்டப்படி கூடாது என்பதும், ஒப்பந்தத்தை வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும் என்பதும் பலருக்குத் தெரியாது.

சொல்லத் தயங்கும் செலவு ஒன்றும் உண்டு. “நீங்க என்ன ஆளுக?” என்ற கேள்வி, சில தெருக்களில் வாடகைத் தொகைக்கு முன்பே வந்துவிடும்; சைவமா என்பது அதன் நாகரிக வடிவம். இந்தக் கேள்வியைத் தாண்ட முடியாத குடும்பத்துக்குக் கிடைக்கும் வீடுகள் குறைந்துபோகின்றன. குறைந்த வீடுகளுக்குள் தேடுபவர், அதே அளவு வீட்டுக்குக் கூடுதல் வாடகை கொடுக்க வேண்டியதாகிறது. இதை எந்தத் தரகரும் கணக்கில் சொல்வதில்லை.

கணவன், மனைவி இருவருக்கும் வேலை ஊருக்குள் இருந்து, வேலை முடியும் நேரம் இரவு ஒன்பதைத் தாண்டினால், அல்லது வீட்டில் அடிக்கடி ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய முதியவர் இருந்தால், ஊருக்குள் வாடகை கொடுப்பதே சரி. புறநகரைவிடக் கூடுதலாகக் கொடுக்கும் 1,700 ரூபாயை வீண் என்று எண்ண வேண்டியதில்லை.

## புறநகர் வாடகை

மதுரை மாநகராட்சி 2011-இல் 72 வார்டுகளிலிருந்து 100 வார்டுகளாக விரிந்தபோது ஆனையூர், அவனியாபுரம், திருப்பரங்குன்றம் ஆகிய நகராட்சிகள் அதற்குள் வந்தன. அவற்றுக்கும் அப்பால் ஒத்தக்கடை, ஊமச்சிகுளம், சிலைமான், நாகமலை புதுக்கோட்டை, பரவை என்று ஊர் பரவிக்கொண்டே போகிறது. வாடகை குறைவு, வீடு புதியது, காற்றோட்டம் உண்டு, தனி மின் இணைப்பு பெரும்பாலும் கிடைக்கும்.

குறைவதில் எவ்வளவு கையில் நிற்கும் என்பதைப் போக்குவரத்துதான் முடிவு செய்கிறது. வீட்டிலிருந்து கடைக்கு 12 கிலோமீட்டர் என்றால், மாதம் 26 வேலைநாளில் 624 கிலோமீட்டர். லிட்டருக்கு 50 கிலோமீட்டர் ஓடும் வண்டிக்கு ஏறத்தாழ 1,250 ரூபாய் பெட்ரோல். வாடகையில் மிச்சமான 2,500-இல் பாதி அங்கேயே போய்விட்டது. குடிநீர் கேன் மாதம் 420 ரூபாய். ஆனால் ஒரு விஷயம் இந்தக் கணக்கைப் புறநகருக்குச் சாதகமாகத் திருப்புகிறது: 2021 மே மாதம் முதல் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. மனைவியின் பயணச் செலவு சுழியாகிறது. வேலைக்குப் போகும் பெண்கள் இருவர் இருக்கும் வீட்டில், நகரப் பேருந்து நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் வீடு பிடித்துவிட்டால், புறநகரை மிஞ்ச வேறு வழியில்லை.

அந்த “பக்கத்தில்” என்ற சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. விளம்பரத்தில் “மெயின் ரோட்டிலிருந்து ஐந்து நிமிடம்” என்பது பைக்கில் ஐந்து நிமிடம். மண் சாலையில், தெருவிளக்கில்லாமல், இரவு ஒன்பதே முக்காலுக்குக் கடைசிப் பேருந்தை விட்டு இறங்கி நடக்கும் பெண்ணுக்கு அது இருபது நிமிடம். வீடு பார்க்கப் பகலில் ஒரு முறை, இரவு ஒன்பது மணிக்கு ஒரு முறை போக வேண்டும். இரண்டாவது முறை பேருந்தில் போக வேண்டும்.

தண்ணீருக்கு வைகாசி மாத நிலவரத்தைக் கேட்க வேண்டும். போர் தண்ணீர் உப்பாக இருக்கிறதா என்பதைக் குழாய்முனையில் படிந்திருக்கும் வெள்ளைப் பொருக்கே சொல்லிவிடும். பாதாளச் சாக்கடை வராத தெருவில் செப்டிக் டேங்க் நிரம்பினால் லாரிக்கு யார் பணம் கொடுப்பது என்பதையும் பேசிக்கொள்ள வேண்டும். மதுரையைச் சுற்றிலும் கண்மாய்கள். பல புதிய தெருக்கள் கண்மாய்க்கு நீர் வரும் வழியில்தான் அமைந்திருக்கின்றன. 2024 அக்டோபர் மழையில் செல்லூர்ப் பகுதியில் வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்ததை ஊரே பார்த்தது. பக்கத்து வீட்டுச் சுவரில் நீர்க்கறை எந்த உயரத்தில் இருக்கிறது என்று பார்ப்பது, வீட்டுக்காரரைக் கேட்பதைவிட நம்பகமானது.

## ஒத்தி

பிற ஊர்களில் போக்கியம் என்றும் லீஸ் என்றும் வழங்குவதே இங்கு ஒத்தி. ஒரு மொத்தத் தொகையை வீட்டுக்காரரிடம் கொடுத்துவிட்டு, இரண்டு அல்லது மூன்று ஆண்டு வாடகையில்லாமல் குடியிருந்து, காலி செய்யும்போது அதே தொகையை வட்டியில்லாமல் திரும்பப் பெறுவது. வீட்டுக்காரருக்கு வங்கி தராத கடன் கிடைக்கிறது; குடியிருப்பவருக்கு மாத வாடகை இல்லை. மதுரையில் மகள் திருமணத்துக்கும், மகனின் படிப்புக்கும், வேறொரு மனையை முடிக்கவும் வீட்டை ஒத்திக்கு விடுவது நெடுநாள் வழக்கம்.

கணக்கைப் பார்ப்போம். 5 லட்சமும் குடும்பத்தின் சொந்தப் பணமாக இருந்தால், வங்கியில் 7 சதவீத வட்டிக்குப் போட்டிருந்தால் கிடைக்கும் மாதம் 2,917 ரூபாய்தான் உண்மையான வாடகை. 8,000 ரூபாய் வாடகை போகும் வீட்டுக்கு இது மிக மலிவு. ஆனால் நம் குடும்பத்திடம் இருப்பது 2 லட்சம். மீதி 3 லட்சத்தை நகையை வைத்து நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டியில் வாங்கினால் மாதம் 3,000, சொந்தப் பணத்தின் வட்டி 1,167, ஆக 4,167 (மின்சாரம் 900-ஐயும் சேர்த்தால் அட்டவணையில் உள்ள ஏறக்குறைய 5,100). இப்போதும் வாடகையைவிட மாதம் 3,833 ரூபாய் மிச்சம். அதே 3 லட்சத்தை வெளியில் இரண்டு வட்டிக்கு வாங்கினால் வட்டியே 6,000; மொத்தம் 7,167. வாடகைக்கும் ஒத்திக்கும் உள்ள வித்தியாசம் ஏறக்குறைய கரைந்துபோகிறது. மூன்று வட்டிக்கு வாங்கி ஒத்திக்குப் போகிறவர், வாடகையைவிட அதிகம் கொடுத்துக்கொண்டே வாடகையில்லை என்று மகிழ்ந்துகொண்டிருப்பார்.

நகைக்கடன் கணக்கையே எடுத்துக்கொண்டாலும், மூன்று ஆண்டில் மிச்சமாவது சுமார் 1,38,000 ரூபாய். அந்த மிச்சத்துக்காக 5 லட்சம் ரூபாய், அதிலும் 3 லட்சம் நகையின் மேல் வாங்கியது, முன்பின் தெரியாத ஒருவர் கையில் இருக்கிறது. இந்தப் பேரம் தகுமா என்பது அந்த ஒருவரையும் அவருடைய பத்திரங்களையும் பொறுத்தது.

ஒத்திப் பணம் எப்படித் திரும்புகிறது என்பதை விளங்கிக்கொள்ள வேண்டும். வாங்கிய பணத்தை வீட்டுக்காரர் பத்திரமாக வைத்திருப்பதில்லை, செலவழித்துவிடுகிறார். தவணை முடியும்போது, அடுத்து ஒத்திக்கு வருபவரின் பணத்தைக் கொண்டுதான் முன்னவருக்குக் கொடுக்கிறார். அடுத்தவர் வரும்வரை, “ஆள் பாத்துக்கிட்டு இருக்கேன், ஒரு மாசம் பொறுங்க” என்ற பதில்தான் கிடைக்கும். பொறுக்கிற மாதமெல்லாம் நகைக்கடனுக்கு வட்டி ஓடும். அதனால் ஒத்தி முடிய ஆறு மாதம் இருக்கும்போதே, காலி செய்யப்போவதை எழுத்தில் தெரிவித்துவிட வேண்டும்.

இதைவிடக் கடுமையான ஆபத்துகள் மூன்று. வீட்டின் மேல் ஏற்கெனவே வங்கிக் கடன் இருந்து, வீட்டுக்காரர் தவணை கட்டத் தவறினால், 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டத்தின் கீழ் வங்கி வீட்டைக் கைப்பற்ற வரும். வங்கிக்குப் பின்னால் வந்த ஒத்திக்காரர் அதன் முன் நிற்பது கடினம். வீடு தகப்பனார் பெயரில் இருந்து, நான்கு பிள்ளைகளில் ஒருவர் மட்டும் கையெழுத்திட்டிருந்தால், மற்ற மூவரும் பிறகு வந்து நிற்பார்கள். மூன்றாவது, அப்பட்டமான மோசடி: ஒருவர் வீட்டை உரிமையாளரிடம் மாத வாடகைக்கு எடுத்து, தாமே உரிமையாளர் போலவோ, நிர்வகிப்பவர் போலவோ வேறொருவருக்கு ஒத்திக்கு விட்டுப் பணத்தோடு மறைந்துவிடுவது. உரிமையாளரை நேரில் பார்க்காமல், அவர் வெளிநாட்டில் இருக்கிறார் என்ற பேச்சை நம்பிப் பணம் கொடுத்தவர்களே இதில் சிக்குகிறார்கள்.

இவற்றுக்கெல்லாம் அடிப்படையான பாதுகாப்பு பதிவு. குடியிருக்கும் உரிமையோடு கூடிய ஒத்தி, 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டப்படி ஒருவகை அடமானம். தொகை 100 ரூபாயோ அதற்கு மேலோ இருந்தால், இரண்டு சாட்சிகளோடு எழுதிப் பதிவு செய்தே ஆக வேண்டும். முறைப்படி பதிவான ஒத்தியில், பணம் திரும்பும்வரை வீட்டைத் தம் வசம் வைத்திருக்கும் உரிமை ஒத்திக்காரருக்கு உண்டு. அடுத்து யார் வில்லங்கச் சான்று (சொத்தின் மேல் பதிவானவற்றைக் காட்டும் சான்று) எடுத்தாலும் அதில் இந்த ஒத்தி தெரியும். ஆனால் நடைமுறையில் மலிவான முத்திரைத்தாளில் எழுதி, இரண்டு பேரிடம் கையெழுத்து வாங்கி, நோட்டரி முத்திரை குத்திவிட்டு, அதையே பத்திரம் என்று நம்புகிறார்கள். முத்திரைத் தீர்வைக்கும் பதிவுக் கட்டணத்துக்கும் ஆகும் பணத்தைப் பார்த்து இரு தரப்பும் தயங்குவதுதான் காரணம். மூன்று ஆண்டுக்குப் பிரித்துப் பார்த்தால் அது மாதம் சில நூறு ரூபாய்தான். பதிவு செய்ய மறுக்கும் வீட்டுக்காரரிடம் ஒத்திக்குப் போக வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. வீடு எவ்வளவு நன்றாக இருந்தாலும் சரி, அவர் எவ்வளவு வேண்டியவராக இருந்தாலும் சரி.

பணத்தை ரொக்கமாகக் கொடுக்கவும் கூடாது. 20,000 ரூபாயும் அதற்கு மேலும் கடனாகவோ வைப்பாகவோ ரொக்கத்தில் வாங்குவதை வருமான வரிச் சட்டம் தடுக்கிறது. அந்தச் சட்டத்தைவிட, வங்கிக் கணக்கில் போன பணத்துக்குத் தேதியும் பெயரும் சாட்சியாக நிற்கும் என்பதே நமக்கு முக்கியம்.

நம் குடும்பத்தைப் போலக் கையில் பாதிப் பணம் மட்டும் இருப்பவர்களுக்கு, பாதி ஒத்தி பாதி வாடகை என்ற ஏற்பாடு பொருந்தும். 2 லட்சம் கொடுத்து மாதம் 4,500 வாடகை என்றால், இழக்கும் வட்டியையும் மின்சாரத்தையும் சேர்த்து ஏறக்குறைய 6,550 ரூபாய். நகை வீட்டிலேயே இருக்கும், கடன் இல்லை, மோசமான நிலையிலும் இழப்பது இரண்டு லட்சத்தைத் தாண்டாது. இப்படிப்பட்ட வீடுகள் பலகையில் தொங்காது. “வாடகைக்கு” என்று எழுதியிருக்கும் வீட்டிலேயே, அட்வான்ஸைக் கூட்டி வாடகையைக் குறைப்பீர்களா என்று கேட்டால் சிலர் இசைவார்கள். பதிவு பற்றிச் சொன்னதெல்லாம் இதற்கும் பொருந்தும்.

## மனையும் சொந்த வீடும்

25 லட்சம் கடன், 9 சதவீத வட்டி, 20 ஆண்டு என்றால் மாதத் தவணை ஏறத்தாழ 22,500. 28,000 சம்பளத்தில் அது நடவாது. 12 லட்சத்துக்குத் தவணை 10,800. அது முடியக்கூடியதுதான், ஆனால் வீடு கட்டி முடியும்வரை வாடகையும் தவணையும் சேர்ந்து ஓடும் என்பதை மறந்துவிடுகிறார்கள். புறநகர் வாடகையோடு சேர்த்தால் அந்த மாதங்களில் 18,000-க்கு மேல் போய்விடும்.

பதிவுச் செலவு, முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் பதிவுக் கட்டணம் 2 சதவீதமுமாக மொத்தம் 9 சதவீதம். 6 லட்ச ரூபாய் மனைக்கு 54,000. 10 லட்சம் வரையுள்ள சொத்தைப் பெண்கள் பெயரில் பதிந்தால் 2025 ஏப்ரல் முதல் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் குறைவு. மனைவி பெயரில் வாங்கினால் 6,000 மிச்சம். பொதுவாக வங்கிகள் இந்தச் செலவுக்குக் கடன் தருவதில்லை.

அங்கீகாரமில்லாத மனையை மலிவு என்று வாங்குவதுதான் இதில் பெரிய பள்ளம். 2016 செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அத்தகைய மனைகளின் பதிவுக்குத் தடை விதித்ததும், பின்னர் 2016 அக்டோபர் 20-ஆம் தேதிக்கு முன்பு உருவான மனைகளை வரன்முறைப்படுத்த வழி செய்யப்பட்டதும் பலருக்கு நினைவிருக்கும். அந்த நடைமுறைக்குள் வராத மனைக்கு வங்கிக் கடன் இல்லை, கட்டட அனுமதி இல்லை. 500 சதுர மீட்டருக்கு மேற்பட்ட நிலத்தில் போடப்படும் மனைப்பிரிவு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தில் பதிவாகியிருக்க வேண்டும். அந்தப் பதிவு எண்ணை விளம்பரத்திலேயே தேடிப் பாருங்கள்.

மத்திய அரசின் நகர்ப்புற வீட்டு வசதித் திட்டத்தின் இரண்டாம் கட்டத்தில், ஆண்டு வருமானம் 9 லட்சத்துக்கு உட்பட்டு, நாட்டில் எங்கும் சொந்தமாகக் கான்கிரீட் வீடில்லாத குடும்பத்துக்கு, 25 லட்சம் வரையிலான கடனில் மொத்தம் 1.80 லட்சம் வரை வட்டி மானியம் உண்டு. வீட்டின் மதிப்பு 35 லட்சத்தைத் தாண்டக் கூடாது. கடன் கேட்கும்போதே வங்கியில் இதைக் கேட்க வேண்டும்.

நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்தின் அடுக்குமாடி வீடுகளும் உண்டு. பொருளாதாரத்தில் நலிந்தோருக்கான வரம்பு ஆண்டுக்கு 3 லட்சம் என்பதால், 3.36 லட்சம் ஈட்டும் நம் குடும்பம் நூலிழையில் வெளியே நிற்கிறது. அங்கே ஒதுக்கீடு பெற்றவரிடம் உள்வாடகைக்குப் போவது மலிவாகத் தெரியலாம். ஒதுக்கீடு ரத்தானால் கேட்க நாதியிருக்காது.

பத்து ஆண்டுக்காவது மதுரையை விட்டுப் போகப்போவதில்லை, தவணை சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு அருகிலேயே நிற்கும், ஆறு மாதத் தவணைக்கான பணம் தனியே இருக்கிறது என்ற மூன்றும் உள்ளவர்கள் மனை வாங்கலாம். மூன்றில் இரண்டு மட்டும் இருப்பவர்கள் இன்னும் சில ஆண்டு வாடகையில் இருந்து சேர்ப்பது நல்லது. ஒத்திப் பணத்தைச் சேமிப்பு என்று எண்ணி, அது திரும்பியதும் மனை வாங்கலாம் என்று திட்டமிடுபவர்கள், அந்த 5 லட்சம் மூன்று ஆண்டு கழித்தும் 5 லட்சமாகவே இருக்கும், மனை விலை அப்படி நிற்காது என்பதையும் எண்ண வேண்டும்.

## நம் குடும்பம் எங்கே போகலாம்

இருவருக்கும் வேலை தென்கரையில் இருப்பதால், ஆற்றுக்கு வடக்கே போகத் தேவையில்லை. நகரப் பேருந்து செல்லும் விரகனூர், சிலைமான் சாலையில் புறநகர் வாடகை முதல் தேர்வு. காமராசர் சாலை, முனிச்சாலைப் பக்கம் பாதி ஒத்திக்கு இசையும் வீட்டுக்காரர் கிடைத்து, அவர் பதிவுக்கும் ஒத்துக்கொண்டால், அது அதைவிட நல்லது. நகையை அடகு வைத்து முழு ஒத்திக்குப் போக வேண்டாம். மனையைப் பற்றி மகன் பத்தாம் வகுப்பு முடித்த பிறகு யோசிக்கலாம்.

தேட நல்ல காலம் ஆடி மாதம். ஆடியிலும் மார்கழியிலும் பால் காய்ச்சிக் குடிபோக யாரும் விரும்புவதில்லை. காலியாக நிற்கும் வீட்டுக்காரரிடம் அட்வான்ஸில் இரண்டு மாதமாவது குறைத்துப் பேசலாம். பேசி முடித்து, டோக்கன் பணம் கொடுத்து, ஆவணி முதல் வளர்பிறையில் போய்க்கொள்ளலாம்.

## பணம் கைமாறும் முன்

வாடகைக்கு: உரிமையாளரின் பெயர் மின் கட்டண அட்டையிலோ சொத்து வரி ரசீதிலோ இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். குடிபோகும் நாளில் மீட்டர் எண், சுவர், குழாய், கதவு எல்லாவற்றையும் கைப்பேசியில் படமெடுத்து வீட்டுக்காரருக்கே வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டால், காலி செய்யும்போது ஏற்கெனவே இருந்த விரிசலுக்குப் பணம் பிடிக்க மாட்டார்கள்.

ஒத்திக்கு: முப்பது ஆண்டு வில்லங்கச் சான்று, தாய்ப்பத்திரத்தின் அசல், வாரிசுகள் இருந்தால் அனைவரின் கையெழுத்து, உரிமையாளர் நேரில் வருவது. அசலைக் காட்ட மறுத்து நகல் மட்டும் தருபவரிடம், அசல் எந்த வங்கியில் இருக்கிறது என்று நேரடியாகக் கேட்டுவிட வேண்டும்.

இரண்டுக்கும் பொதுவாக ஒன்று: காலி செய்யும் நாளில் சாவியும் பணமும் ஒரே நேரத்தில் கைமாற வேண்டும். “சாவியைக் குடுத்துட்டுப் போங்க, திங்கக்கிழமை பணம் போட்டுவிடுறேன்” என்று சொல்லும் வீட்டுக்காரரிடம், திங்கட்கிழமையே சாவி தருவதாகச் சொல்லி, வெறும் வீடாக இருந்தாலும் பூட்டிக்கொண்டு வந்துவிட வேண்டும்.